அக்கா பார்த்த நிலாக் குழிகள்

அன்று டீக்கடையில் நான் பாதியில் எழுந்து போனதற்குக் காரணம் கேட்டீர்கள். சர்க்கரை இறங்கிவிட்டது என்று சொல்லிச் சமாளித்தேன். அது பொய். காலை நடை முடிந்து நாம் வழக்கமாக உட்காரும் பெஞ்சில், உங்களில் ஒருவர் கைபேசியை நீட்டினார். நிலாவின் தென்பக்கத்தில் நம்மவர்கள் இறக்கிய கலம் எடுத்த படம். சாம்பல் நிறத் தரை, குழி மேல் குழி. "அம்மை வந்த மூஞ்சி மாதிரில்லா இருக்கு" என்றார். எல்லோரும் சிரித்தீர்கள். "வாத்தியாரே, இதென்ன இத்தன குழி? வெளக்கும்வே" என்று என் பக்கம் திரும்பினீர்கள்.

விளக்க எனக்குத் தெரியும். வேலையில் இருந்த காலம் முழுவதும் இதைப் போன்றவற்றை விளக்கித்தான் சம்பளம் வாங்கினேன். ஆனால் அந்தக் குழிகளை எனக்கு முதலில் காட்டியவள் என் அக்கா. அவளுக்கு நான் செய்ததை இதுவரை யாரிடமும் சொன்னதில்லை. நாம் எல்லோரும் எழுபதை ஒட்டி நிற்கிறோம். மறைத்து வைத்துக்கொண்டிருப்பதும் ஒரு வேலைதான். அதைச் செய்ய இப்போது தெம்பில்லை. அதனால் எழுதிவிடுகிறேன்.

மனிதன் நிலாவில் இறங்கிய வருஷம் அது. எனக்குப் பத்து வயது. தென்காசியில் பெரிய கோயிலுக்கு மேற்கே ஒரு தெருவில் எங்கள் வீடு. அப்பாவுக்குக் காட்டிலாகாவில் வேலை. வாரத்தில் பாதி நாள் மலையில் இருப்பார். மீதி நாள் வீட்டில் இருந்தாலும் மலையில் இருப்பவர் மாதிரிதான், பேச்சு கிடையாது. அவரிடம் இலாகா கொடுத்த பைனாகுலர் ஒன்று இருந்தது. காட்டுத்தீ தெரிகிறதா என்று பார்ப்பதற்காகக் கொடுத்தது. ஒரு பக்கத்துக் கண்ணாடியில் கீறல் விழுந்ததால் புதிது வந்துவிட, பழையது வீட்டிலேயே தங்கிவிட்டது. அதன் தோல் உறையைத் திறந்தால் பூஞ்சணமும் தேங்காயெண்ணெயும் கலந்த ஒரு வாடை வரும். வார் அறுந்த இடத்தில் அம்மா பழைய சேலைக்கரையைக் கிழித்து முடிந்திருந்தாள்.

அக்காவுக்குப் பதினேழு முடிந்திருந்தது. பாளையங்கோட்டையில் விடுதியில் தங்கி பி.யு.சி. முடித்து, அதே கல்லூரியில் பௌதிகம் படிக்க இடமும் வாங்கியிருந்தாள். ஜூலை முடிவதற்குள் போய்ச் சேர்ந்துவிட வேண்டும். எங்கள் குடும்பத்தில் கல்லூரிக்குள் காலெடுத்து வைத்த முதல் பெண் அவள்தான். லீவில் வீட்டில் இருந்த அந்த நாட்களில், பொழுது சாயும் நேரம் ஆனதும் பைனாகுலரைத் தாவணிக்குள் மறைத்துக்கொண்டு மொட்டை மாடிக்குப் போவாள்.

"ஏலே, சத்தம் காட்டாம வா."

கைப்பிடிச் சுவரில் என் முழங்கைகளை ஊன்றி வைத்தாள். சுவரில் பகல் வெயிலின் சூடு மிச்சமிருந்தது. மேற்கே மலை முழுக்க மேகம். தலைக்கு மேலே மட்டும் வானம் விட்டிருந்தது. அதில் அரை நிலா.

"கீறல் விழுந்த பக்கத்துக் கண்ண மூடிக்கோ. மூச்ச அடக்கு. வெளிச்சமும் இருட்டும் சேருற ஓரத்த மட்டும் பாரு."

முதலில் என் இமைமயிர்தான் தெரிந்தது. பிறகு திடீரென்று அந்த ஓரம் நேர்கோடாக இல்லை என்பது தெரிந்தது. சின்னச் சின்னக் கிண்ணங்கள். ஒவ்வொன்றிலும் பாதி வெளிச்சம், பாதி நிழல்.

"இட்லித் தட்டு மாதிரி இருக்குக்கா."

"இட்லித் தட்டுன்னா வரிசையா இருக்குமே. இது எறிஞ்சதுலே."

"யாரு எறிஞ்சா?"

"அதத்தான் பாக்கேன்."

பள்ளிக்கூடத்தில் அவளுக்கு அறிவியல் எடுத்தவர், நிலாவில் இருப்பதெல்லாம் அணைந்துபோன எரிமலைகளின் வாய் என்று சொல்லிக்கொடுத்திருந்தார். அந்தக் காலத்தில் பெரிய பெரிய ஆட்களும் அப்படித்தான் சொன்னார்கள் என்பது எனக்குப் பின்னால் தெரிந்தது. அக்காவுக்கு அது ஒப்பவில்லை. சமையலறையிலிருந்து பித்தளைத் தாம்பாளத்தைக் கொண்டுவந்தாள். அதில் பச்சரிசி மாவைக் கொட்டித் தட்டிப் பரப்பினாள். அதன் மேல் அடுப்புச் சாம்பலைப் பழைய வேட்டித் துணியில் சலித்து மெல்லியதாகத் தூவினாள். பிறகு கைப்பிடிச் சுவரின் மேல் ஏறி நின்று, என் கோலிக்குண்டுகளை ஒவ்வொன்றாகத் தாம்பாளத்தில் போட்டாள்.

சாம்பல் நிறத்தின் நடுவே ஒரு வெள்ளைக் குழி. அதைச் சுற்றி உயர்ந்த விளிம்பு. விளிம்பிலிருந்து நாலா பக்கமும் வெள்ளைக் கோடுகள் தெறித்திருந்தன. முழு நிலா அன்று பைனாகுலரில் ஒரு குழியிலிருந்து அதே மாதிரி கோடுகள் கிளம்பிப் பாதி நிலாவரைக்கும் ஓடியதைப் பார்த்தேன். அக்கா என் முதுகில் ஓங்கி ஒன்று வைத்தாள். சந்தோஷம் வந்தால் அவளுக்கு அடிக்க வேண்டும்.

அதன் பிறகு தினமும் அதுதான். புளியங்கொட்டை, சரளைக்கல், இரும்புக் குண்டு. விழுந்த குழிகள் ஒன்றின் மேல் ஒன்றாக ஏறிக்கிடக்கும்.

"இந்த ரெண்டுல எது மொத விழுந்தது, சொல்லு."

"இது. பெருசா இருக்குல்லா."

"மண்டு. எது எதோட விளிம்ப ஒடச்சிருக்குன்னு பாரு. ஒடைபட்டது மூத்தது, ஒடச்சது எளையது. இங்கன நின்னே அங்கன எது முன்ன எது பின்னன்னு சொல்லிரலாம், தெரியுமா?"

நிலாவில் முயல் என்று நாம் சொல்லும் அந்தக் கறுத்த இடங்களில் குழி குறைவு என்பதையும் அவள்தான் காட்டினாள். ஏன் என்று கேட்டாள். எனக்குத் தெரியவில்லை. "நம்ம அம்மா முத்தத்த மெழுகுனதும் பாத்திருக்கியா? புதுசா மெழுகுன தரையில கால்தடம் ஒண்ணு ரெண்டுதான் கெடக்கும். பழைய தரை பூரா தடமா இருக்கும். முயல் இருக்குற எடம் பிறகு மெழுகுனது." யார் மெழுகினார்கள் என்று கேட்டேன். பாறை உருகி ஓடி மூடியிருக்கும் என்றாள். சொல்லிவிட்டு, தான் சொன்னது சரியா என்று யாராவது சொல்ல மாட்டார்களா என்பதுபோலத் தெருவைப் பார்த்தாள்.

ஒரே ஒரு விஷயம் அவளைத் தூங்கவிடவில்லை. குண்டைச் சாய்த்து எறிந்தால் மாவில் குழி நீளமாக விழுந்தது. "வானத்துலேருந்து வாரதெல்லாம் நேராவா வரும்? சாஞ்சும் வரும்லா? அப்ப நிலாவுல ஏன் ஒரு குழிகூட நீளமா இல்ல? எல்லாம் வட்டமாவுல்லா இருக்கு." எத்தனையோ விதமாக எறிந்து பார்த்தாள். "காலேஜுக்குப் போனதும் மொத நாள் இதத்தான் கேக்கப் போறேன்" என்றாள். அவளுக்குக் கல்லூரி என்பது அந்தக் கேள்வியைக் கேட்கக்கூடிய ஓர் இடம்.

எங்கள் தெருவுக்கு இதெல்லாம் எப்படித் தெரியும்? மாடியில் ஒரு வயதுப்பெண் பைனாகுலரோடு நிற்கிறாள் என்பது மட்டும் தெரிந்தது. பெரியம்மா ஒருநாள் குற்றாலத்திலிருந்து பஸ் ஏறி வந்துவிட்டாள். பெரியப்பாவுக்கு அங்கே சீசனில் அறைகள் வாடகைக்கு விடும் வீடு இருந்தது. வந்தவள் செருப்பைக் கழற்றும்போதே ஆரம்பித்தாள்.

"ஏட்டி, எதுத்த மச்சுல பேங்குல வேல பாக்குற பையன் குடியிருக்கான்லா? ஒம் மக அங்கனதான் கண்ணாடிய வச்சிப் பாக்கான்னு பஸ்ஸுலயே பேசுதாளுவ."

"ஐயோ, அவ நிலாவப் பாக்காக்கா" என்றாள் அம்மா.

"நிலாவயா? பகல்லயா? சொல்லுதவளுக்குத்தான் புத்தி இல்ல, கேக்குதவளுக்குமா இல்ல?"

இருவரும் மாடியேறினார்கள். அக்கா கைப்பிடிச் சுவரின் மேல் நின்றுகொண்டிருந்தாள். தலையெல்லாம் சாம்பல், முழங்கைவரை மாவு. தாம்பாளத்தைப் பார்த்து "வட்டம், நீளம், வட்டம்" என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டிருந்தாள். பெரியம்மா தாம்பாளத்தையும் அவளையும் மாறி மாறிப் பார்த்தாள். பிறகு அம்மாவின் காதருகே போய், "இது வேற கோளாறுட்டி. நல்லவேள" என்றாள்.

அந்த நல்லவேளைக்கு அர்த்தம் எனக்கு இந்த வயதில்தான் புரிகிறது. எதிர்த்த மச்சுப் பையனைப் பார்த்தாள் என்றால் குடும்பத்தின் பெயர் போயிற்று, மீட்க வழியில்லை. சித்தம் கலங்கிவிட்டது என்றால் மருந்து உண்டு. அம்மா என்ற அந்தப் பயந்த பெண் இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடுத்தாள். மகளைக் காப்பாற்றிவிட்டதாகத்தான் அவள் சாகும்வரை நினைத்தாள்.

மருந்து என்னவென்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. புத்தி பேதலித்தவர்களைக் குற்றாலத்துக்குக் கொண்டுவந்து, தலையில் எண்ணெய் தேய்த்து, அருவிக்கு அடியில் நிறுத்துவது நம் பக்கத்தில் இன்னும் இருக்கிறது.

மலையிலிருந்து இறங்கிய அப்பா என்னைக் கூப்பிட்டு, "அவ மேல என்னல செய்யுதா?" என்றார். நான் அப்போது உண்மையைத்தான் சொன்னேன். நிலாவில் குழி எப்படி விழுந்தது என்று பார்க்கிறோம் என்றேன். எனக்குச் சொல்லத் தெரிந்த விதத்தில் சொன்னேன். அது ஒரு பிள்ளையின் உளறலாக இருந்திருக்கும். அப்பா அம்மாவைப் பார்த்தார். அம்மா அழுதாள். "அருவியில தண்ணி நல்லா விழுது. கூட்டிட்டுப் போ" என்றார். பைனாகுலரை பீரோவில் வைத்துப் பூட்டினார். பின்னால் அதை இலாகாவிடமே கொடுத்துவிட்டாராம்.

பெரியம்மா வீட்டின் பின்கட்டில் எங்களுக்கு ஓர் அறை. என்னைத் தனியாக விட முடியாது என்று பள்ளிக்கூடத்துக்கு லீவு சொல்லி அம்மா கூட்டிவந்திருந்தாள். ஜூலை மாதக் குற்றாலம், பள்ளிக்கூடம் கிடையாது. ஒரு பத்து வயதுப் பையனுக்கு அதற்கு மேல் என்ன வேண்டும்? சாரல் முகத்தில் அடித்துக்கொண்டே இருக்கும், ஆனால் நனைந்ததாகத் தெரியாது. துணி காயாமல் ஒரு புளித்த வாசனை வீடெங்கும். மங்குஸ்தான் தோலைப் பிதுக்கி விரலெல்லாம் ஊதாக்கறை. கையிலிருக்கும் பஜ்ஜியைக் குரங்கு பறித்துக்கொண்டு போய் என் கண்ணெதிரே பிட்டுத் தின்னும். செங்கோட்டைக்கு அந்தப் பக்கமிருந்து வரும் மலையாளத்துக்காரர்கள் ஐந்தருவியில் கூச்சல் போட்டுக் குளிப்பதைப் பார்த்துக்கொண்டே நிற்பேன். நான் அப்படிச் சந்தோஷமாக அதற்குப் பிறகு இருந்ததில்லை. அதைச் சொல்லித்தான் ஆக வேண்டும்.

அக்காவுக்குக் காலையில் ஒரு தடவை, சாயங்காலம் ஒரு தடவை. குற்றாலத்து வைத்தியர் ஒருவர் கொடுத்த எண்ணெய் பழுப்பாக, கசப்பு வாடையோடு இருக்கும். அதை உச்சியில் ஊற்றி அம்மா தேய்ப்பாள். பேரருவியில் பெண்கள் பக்கம், அம்மா ஒரு கையையும் பெரியம்மா ஒரு கையையும் பிடித்துக்கொண்டு உள்ளே நிறுத்துவார்கள். நான் மாற்றுத்துணியை வைத்துக்கொண்டு வெளியே நிற்பேன். தண்ணீர் அவள் தலையில் விழுந்து உடைவது தெரியும், முகம் தெரியாது. வெளியே வரும்போது உதடு நீலம் பாரித்திருக்கும், கண் சிவந்திருக்கும். பல் கிட்டிப்போய்ப் பேச்சு வராது.

ஒருநாள் மட்டும் சிரித்துக்கொண்டே வந்தாள். துணியை வாங்காமல் என் தோளைப் பிடித்து உலுக்கினாள்.

"ஏலே, பூமியிலயும் விழுந்திருக்கும்லே! நிலாவுல அவ்வளவு விழுந்தா பக்கத்துல இருக்குற நம்ம மேல விழாமலா இருந்திருக்கும்? இந்தா, இந்தத் தண்ணிதான் அழிச்சிட்டு. மழையும் ஆறும் மொத்தமா அரிச்சிக் கொண்டுபோயிட்டு. அங்கன தண்ணியுமில்ல, காத்துமில்ல, அதனால அப்படியே கெடக்கு. நம்ம கதையும் அங்கனதான்லே எழுதிருக்கு!"

பின்னால் நின்ற அம்மா கேட்டுவிட்டாள். முந்தானையை வாயில் வைத்துக்கொண்டாள். அன்று சாயங்காலம் அதிக நேரம் நிறுத்தினார்கள்.

அதற்குப் பிறகு அக்கா புரிந்துகொண்டாள். வீட்டுக்குப் பின்னால் துவைக்கிற கல்லில் உட்கார்ந்து என்னிடம் சொன்னாள்: "வெள்ளிக்கெழம வைத்தியர் வாராரு. நான் வாயே தெறக்க மாட்டேன். நல்லாருக்கேன்னு மட்டும் சொல்லுவேன். அவரு சரின்னுட்டா மறுநாளே ஊருக்குப் போயிரலாம். திங்கக்கெழம அப்பா என்னயக் காலேஜுல கொண்டு விட்டுருவாரு. இப்பவே நாளாயிட்டு. இதுக்கு மேல போனா எடத்த வேற ஆளுக்குக் குடுத்துருவாங்க. நீயும் ஒண்ணும் ஒளறாத, கேட்டியா?"

"சரிக்கா" என்றேன்.

வெள்ளிக்கிழமை காலையில் பெரியப்பா பல் விளக்கிக்கொண்டே சொன்னார், ஞாயிற்றுக்கிழமை தேனருவிக்கு ஆட்கள் போகிறார்கள், என்னையும் கூட்டிப்போகிறேன் என்று. காட்டுக்குள் ஏறிப் போக வேண்டும், பாறையில் பெரிய பெரிய தேன்கூடு தொங்கும் என்று கேள்விப்பட்டிருந்தேன். அந்த சீசன் முழுக்க அவரை நச்சரித்துக் கேட்டது அதுதான்.

வைத்தியர் வந்தார். நல்ல மனிதர், அதட்டாதவர். அக்காவின் கண்ணிமையை இழுத்துப் பார்த்தார், நாடி பிடித்தார். தூக்கம் வருகிறதா என்று கேட்டார். வருகிறது என்றாள். தலை பாரமாக இருக்கிறதா என்றார். நல்லாருக்கேன் என்றாள். "தெளிச்சல் வந்துட்டே, கூட்டிட்டுப் போலாமே" என்று அம்மாவிடம் சொன்னார். அம்மாவுக்கு நம்பிக்கை வரவில்லை. அவர் என்னைப் பார்த்தார்.

"தம்பி, நீதான கூடவே இருக்க. நீ சொல்லு. அக்கா இப்பவும் நிலா, குழின்னு பேசுதாளா?"

இல்லை என்று சொல்லியிருந்தால் போதும். அப்படிச் சொன்னால் சனிக்கிழமை தென்காசி. திங்கட்கிழமை பள்ளிக்கூடம். ஞாயிற்றுக்கிழமை தேனருவி கிடையாது. இவ்வளவும் எனக்கு அந்த நேரத்தில் தெளிவாகத் தெரிந்தது. குழந்தை தெரியாமல் சொல்லிவிட்டது என்று நீங்கள் யாரும் எனக்காகப் பேச வேண்டாம்.

"முழிச்சிருக்கும்போது பேசல. தூக்கத்துல பேசுதா" என்றேன்.

வைத்தியர் முகம் மாறியது. கோளாறு உள்ளே இறங்கிவிட்டது என்றார். அவசரப்பட வேண்டாம், சீசன் முடியும் மட்டும் நிறுத்துங்கள், படிப்பை இனி நினைக்க வேண்டாம், மூளைக்குச் சூடு என்றார். அக்கா என்னைப் பார்த்தாள். கோபப்படுவாள் என்று நினைத்தேன். படவில்லை. சாயங்காலம் யாரும் இல்லாதபோது பக்கத்தில் வந்து, தாழ்ந்த குரலில் கேட்டாள்.

"ஏலே, நெசமாவே தூக்கத்துல பேசுனேனா?"

அவள் என்னைச் சந்தேகப்படவில்லை. அவளைச் சந்தேகப்பட்டாள். அப்போதாவது சொல்லியிருக்கலாம். மாட்டிக்கொள்வேனோ என்று பயம். "ஆமா" என்றேன்.

"என்ன பேசுனேன்?"

"வட்டம், நீளம்னு."

அவள் தலையை மெதுவாக ஆட்டிக்கொண்டாள்.

ஞாயிற்றுக்கிழமை தேனருவிக்குப் போனேன். என்ன பார்த்தேன் என்று நினைவில்லை. அட்டை கடித்துக் காலில் ரத்தம் நிற்காமல் ஒழுகியது மட்டும் நினைவிருக்கிறது.

அடுத்து வந்த நாட்களில்தான் நிலாவில் மனிதன் இறங்கினான். கடைவீதியில் ரேடியோ வைத்திருந்த டீக்கடை முன்னால் ஈரத்தலையோடு கூட்டம். "மேல போனவன் எதுக்குவே குழியில போயி எறங்குதான்? நல்ல எடமா பாத்து எறங்கப்பிடாதா?" என்று யாரோ கேட்க, "குத்தாலத்துல எடமில்லன்னுதான அங்கன போயிருக்கான்" என்று இன்னொருவர் சொல்ல, ஒரே சிரிப்பு. நான் வீட்டுக்கு ஓடினேன். வாசலிலேயே அம்மா என் வாயைப் பொத்தினாள். "அவகிட்ட மூச்சு விடாத. கேட்டா இன்னும் கூடிரும்." உலகம் முழுக்க நிலாவைப் பற்றிப் பேசியபோது எங்கள் வீட்டில் மட்டும் அந்தச் சொல்லே இல்லை. அக்கா உள்ளே தலையில் எண்ணெயும் துண்டுமாகப் படுத்திருந்தாள்.

சில நாள் கழித்து அவளுக்குத் தெரிந்துவிட்டது. பழம் சுற்றி வந்த பத்திரிகைத் தாளில் அந்தப் படம் இருந்தது. பழச்சாறு ஊறிய தாளை அவள் தரையில் விரித்து, கையால் நீவி நீவிப் பார்த்தாள். அம்மா கதவருகே மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அக்கா பழத்தோலை அந்தத் தாளிலேயே அள்ளிப் போட்டு, சுருட்டி எடுத்து, வெளியே எறிந்துவிட்டு வந்தாள்.

"தெளிஞ்சிட்டு" என்றாள் அம்மா. பிள்ளையார் கோயிலில் விடலைத் தேங்காய் உடைத்தார்கள்.

அடுத்த தை மாதம் அக்காவைச் சிவகிரியில் கட்டிக்கொடுத்தார்கள். அரிசிக்கடைக் குடும்பம். அத்தான் நல்லவர். நான் அதே பாளையங்கோட்டைக்குப் போய் அதே பௌதிகம் படித்தேன். நிலாக் குழிகள் ஏன் வட்டமாக இருக்கின்றன என்பதற்கான பதிலை அங்கேதான் ஒருநாள் வகுப்பில் கேட்டேன். விண்ணிலிருந்து வரும் கல் அத்தனை வேகத்தில் வருவதால், தரையைத் தொட்டதும் வெடித்துவிடுகிறது. குழியைத் தோண்டுவது அந்த வெடிப்பு. வெடி எல்லாப் பக்கமும் சமமாகப் பரவும், கல் எந்தச் சாய்வில் வந்தாலும் சரி. கையால் எறிகிற குண்டுக்கு அந்த வேகம் கிடையாது, அதனால்தான் மாவில் நீளமாக விழுந்தது. அக்கா நெருங்கி வந்திருந்தாள். மிச்சமிருந்தது அந்த ஓர் அடிதான்.

லீவில் சிவகிரிக்குப் போனேன். சொல்லிவிட வேண்டும் என்றுதான் போனேன். இடுப்பில் பெண்குழந்தையோடு அடுப்படியில் நின்றாள். "நல்லாப் படிக்கியா? கண் முழிச்சிப் படிக்காத, மண்டச்சூடு வரும்" என்றாள். நான் சாப்பிட்டுவிட்டுத் திரும்பிவிட்டேன்.

பிறகு நான் வாத்தியாரானேன். தாம்பாளத்தில் மாவும் சாம்பலும் பரப்பி, கோலிக்குண்டு போட்டு வருஷா வருஷம் பிள்ளைகளுக்குக் காட்டினேன். உடைபட்டது மூத்தது, உடைத்தது இளையது என்றேன். புதிதாக மெழுகிய தரை என்றேன். நிலாவிலிருந்து கொண்டுவந்த பாறைகளின் வயதைப் பார்த்தபோது, குழி நிறைந்த தரை பழையது என்பதும், முயல் இருக்கும் இடம் பிறகு உருகி ஓடிய பாறை என்பதும் சரியாகவே இருந்தன. புதனும் அப்படித்தான், செவ்வாயின் தென்பாதியும் அப்படித்தான். சூரியனைச் சுற்றிக் கோள்கள் உருவாகி முடிந்த அந்த ஆரம்ப காலத்தில் மிச்சம் கிடந்த கற்களெல்லாம் எல்லார் மேலும் விழுந்தன, பூமி மேலும் விழுந்தன. இங்கே மழையும் ஆறும், உள்ளிருந்து புரட்டிப்போடும் நெருப்பும் அந்தத் தடங்களில் பெரும்பாலானவற்றை அழித்துவிட்டன. நம் பிறப்பைப் படிக்க வேண்டுமானால் அங்கேதான் போக வேண்டும். பிள்ளைகள் கைதட்டுவார்கள். யார் கண்டுபிடித்த விளையாட்டு சார் இது என்று ஒரு பெண் கேட்டாள். நான்தான் என்றேன்.

டீக்கடையிலிருந்து எழுந்துபோன மறுநாள் சிவகிரிக்குப் பஸ் ஏறினேன். அத்தான் போய்ச் சேர்ந்து வருஷங்களாகிவிட்டன. அக்கா தனியாக இருக்கிறாள். முட்டுவலி, கட்டிலில் உட்கார்ந்து சின்ன வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள். கைபேசியில் அந்தப் படத்தைக் காட்டினேன். கண்ணாடியை ஏற்றிப் பார்த்தாள். "குழியா கெடக்கு" என்று திருப்பித் தந்தாள்.

"மாடியில மாவுல குண்டு போட்டமே, ஞாபகம் இருக்காக்கா?"

"அதுவா? அப்ப எனக்கு மண்டைக்குச் சரியில்லாம இருந்துதுல்லா" என்றாள். மஞ்சக்காமாலை வந்தது என்று சொல்வதுபோலச் சொன்னாள்.

நான் சொன்னேன். எல்லாவற்றையும், வரிசையாக. அவள் கை வெங்காயத்தோடு நின்றுவிட்டது.

"தூக்கத்துல பேசுனேன்னு நீதானல சொன்ன?"

"பேசல. ஒரு நாளும் பேசல."

"பொறவு எதுக்குச் சொன்ன?"

"தேனருவிக்குப் போகணும்னு."

"தேனருவிக்கா" என்றாள். எதிர்வீட்டில் தண்ணீர் மோட்டார் ஓடி நின்றது. நான் மன்னித்துவிடு என்று ஆரம்பித்தேன். அவள் அதைக் காதில் வாங்கியதாகவே தெரியவில்லை.

"எம் மக பன்னெண்டாவதுல எவ்வளவு மார்க்கு எடுத்தா, தெரியும்லா? கோயம்புத்தூர்ல எடம் கெடச்சிது. அவுக அனுப்பத்தான் சொன்னாக. நாந்தான் விடல."

அத்தான்தான் தடுத்தார் என்று இத்தனை வருஷம் நினைத்திருந்தேன். அந்தக் கோபத்தில் அவரிடம் சரியாக முகம் கொடுத்துப் பேசியதுகூட இல்லை.

"எந்நேரமும் புஸ்தகமும் கையுமா இருந்தா. தனியா என்னமோ முணுமுணுப்பா. பாக்கும்போதெல்லாம் எனக்குப் பயமா வரும். எனக்கு வந்தது இவளுக்கும் வந்துருமோன்னு. காலுல விழுந்து அழுதால, அந்தப் புள்ள. நான் எறங்கல."

"அவகிட்ட காரணம் சொன்னியா?"

"எப்படிச் சொல்லுவேன்? அம்மாக்காரிக்குக் கிறுக்குப் புடிச்சிருந்துதுன்னு தெரிஞ்சா அவள யாரு கட்டுவா? நான் வீம்புக்குத் தடுத்தேன்னுதான் இன்னைக்கும் நெனச்சிட்டு இருக்கா. இந்தா இருக்குற கடையத்துலதான் வாக்கப்பட்டிருக்கா, பஸ் ஏறி வர எவ்வளவு நேரம் ஆகும்? தீவாளி பொங்கலுக்கு வருவா. வந்தாலும் பேச்சுல ஒட்டு இருக்காது."

வெங்காயத் தட்டைத் தரையில் வைத்தாள். என்னை நிமிர்ந்து பார்த்தாள்.

"எனக்கு ஒண்ணும் இல்லன்னா, அவள நான் எதுக்குல நிறுத்துனேன்?"

அவள் தலையணைக்கடியில் கையை விட்டுப் போனை எடுத்தாள். கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு மகளின் எண்ணைத் தேடி அழுத்தினாள். மணி வெகுநேரம் அடித்தது. எடுக்க மாட்டாள் என்று நினைத்தேன். அப்படி நினைத்தபோது எனக்கு நிம்மதியாக இருந்தது என்பதையும் எழுதிவிடுகிறேன்.

எடுத்துவிட்டாள்.

"ஏட்டி, மாமா வந்திருக்கான். ஒங்கிட்ட ஒரு விஷயம் சொல்லணுங்கான். கேளு" என்று சொல்லி, அக்கா போனை என் கையில் வைத்தாள். வைத்துவிட்டு, கையை எடுக்காமல் என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள்.

"சொல்லுங்க மாமா" என்றாள் அக்காள் மகள். காலை நேரத்தில் அந்த வீட்டிலிருந்து போன் வந்த கலவரம் அவள் குரலில் இருந்தது. "அம்மாவுக்கு ஒண்ணும் இல்லல்லா?"

"இல்லம்மா" என்றேன். "ஒண்ணும் இல்ல. அப்பவும் இல்ல."